குழாய்க்காக வெட்டிய சாலை

அவையோர்க்கு வணக்கம்.

ஈக்வடாரின் தலைநகரான கீட்டோவையும், அமேசான் காட்டோரத்து எண்ணெய் நகரான லாகோ அக்ரியோவையும் இணைக்கும் நெடுஞ்சாலையைப் பற்றி இன்று பேசுகிறேன். 2,850 மீட்டர் உயரத்திலுள்ள கீட்டோவிலிருந்து காட்டுக்குப் புறப்படும் வண்டி உடனே கீழே இறங்குவதில்லை. பாப்பயாக்தா கணவாயில் 4,000 மீட்டருக்கும் மேலே ஏறி, பிறகு கோக்கா ஆற்றுப் பள்ளத்தாக்கில் இறங்கி, ரெவெந்தாதோர் எரிமலையின் அடிவாரத்தைச் சுற்றிக்கொண்டு, சுமார் 300 மீட்டர் உயரத்திலுள்ள வெக்கை நிலத்தைச் சென்றடைகிறது.

1967இல் டெக்சாக்கோ, கல்ஃப் நிறுவனங்கள் அங்கே எண்ணெய் கண்டபோது இப்படியொரு சாலை கிடையாது; துளையிடும் கருவிகளை வானூர்தியில்தான் கொண்டுபோக வேண்டியிருந்தது. எடுத்த எண்ணெயை ஆண்டிஸ் மலை தாண்டிப் பசிபிக் கரைக்கு அனுப்ப 500 கிலோமீட்டர் அளவுக்குக் குழாய் பதிக்க வேண்டும். குழாய் பதிக்கச் சாலை வேண்டும். சாலை பிறந்த கதை இவ்வளவுதான். 1972இல் முதல் பீப்பாய் எண்ணெயை அன்றைய இராணுவ அரசு கீட்டோ வீதிகளில் ஊர்வலமாகக் கொண்டுவந்தது. நம்மூரில் உற்சவ மூர்த்திக்குத்தான் அந்த மரியாதை!

குழாயில் எண்ணெய் மேற்கே போயிற்று. சாலையில் மனிதர்கள் கிழக்கே வந்தார்கள். தெற்கே லோகா மாகாணத்தில் வறட்சியால் நொந்த உழவர்கள் சாலையின் இருமருங்கிலும் காடழித்துக் குடியேறினர். திருத்திய நிலத்துக்கே உரிமை என்று அக்காலச் சட்டம் சொன்னதால், காட்டை விட்டுவைப்பது அவர்களுக்கு நட்டமாகவே பட்டது. லாகோ அக்ரியோவுக்கு அவர்கள் இட்ட பெயர் நுவேவா லோகா, அதாவது புதிய லோகா. ஏற்கெனவே அங்கே வாழ்ந்திருந்த கோஃபான் மக்கள் தங்கள் ஆற்றங்கரைகளை இழந்து ஒதுங்க நேர்ந்தது. எண்ணெய்க் கிணறுகளின் கழிவை மட்டும் பேசுவோர், காட்டுக்குள் இத்தனை பேரை அழைத்துவந்த இந்தச் சாலையையும் சேர்த்துப் பேச வேண்டும் என்பது என் கருத்து.

1987 மார்ச் 5 இரவு, மழையில் ஊறிக்கிடந்த ரெவெந்தாதோர் சரிவுகளை நிலநடுக்கம் உலுக்கியது. மண்ணும் மரங்களும் சேறாகிப் பள்ளத்தாக்கில் பாய்ந்தன. ஏறத்தாழ ஆயிரம் பேர் மாண்டனர். சுமார் 40 கிலோமீட்டர் குழாயும் அதை ஒட்டிய சாலையும் சிதைந்தன. எண்ணெய் ஏற்றுமதி ஏறக்குறைய ஐந்து மாதம் முடங்க, வெளிநாட்டுக் கடனுக்கு வட்டி கட்டுவதை அரசு நிறுத்திவைத்தது. எண்ணெய்க்காவது கொலம்பியக் குழாயோடு ஓர் இணைப்பு விரைவில் கிடைத்தது. சாலையோரத்துக் குடியேறிகளுக்கோ, விளைச்சலைச் சந்தைக்கு அனுப்ப அந்த ஒரு சாலையை விட்டால் வேறு கதியில்லை.

அத்தனைக்குப் பிறகும் குழாய் அதே பள்ளத்தாக்கில்தான் மீண்டும் பதிக்கப்பட்டது; 2003இல் இரண்டாவது பெருங்குழாயும் அங்கேயே வந்து சேர்ந்தது. 2020 பிப்ரவரி 2 அன்று கோக்கா ஆறு தன் படுகையைத் துளைத்துக்கொண்டு வேறு வழியில் விழ, சான் ரஃபேல் பேரருவி இல்லாமல் போயிற்று. அன்று தொடங்கிய அரிப்பு ஆற்றின் மேல்நோக்கி நகர்ந்தது. ஏப்ரல் 7 அன்று குழாய்கள் உடைந்து, ஆற்றை நம்பியிருந்த கிச்வா மக்களின் குடிநீரிலும் மீனிலும் எண்ணெய் கலந்தது. அரிப்பு சாலையையும் துண்டுதுண்டாக விழுங்கியது. ஆறு கரையைத் தின்னத் தின்ன, குழாய்க்கும் சாலைக்கும் மாற்றுத்தடம் வெட்டுகிறார்கள். அதையும் பெரும்பாலும் அதே மலைச்சரிவில் சற்று உள்ளே தள்ளித்தான் வெட்டுகிறார்கள்.