வேருக்குள் ஒரு ஹக்கீமின் பெயர்

அவையோர் அனைவருக்கும் வணக்கம். மருந்தியல் படிக்கும் பிள்ளைகள் முன்வரிசையில் இருக்கிறீர்கள். வேதியியலைப் பள்ளிக்கூடத்தோடு தலைமுழுகியவர்கள் பின்னால் இருக்கிறீர்கள். இரு சாராருக்கும் சேர்த்து இன்று ஒரே ஒரு சொல்லைப் பற்றிப் பேசப் போகிறேன். அஜ்மலின். மருந்துக் கடையில் கேட்டால் தலையைச் சொறிவார்கள். இதய மின்னியல் நிபுணரிடம் கேட்டால் உடனே நிமிர்ந்து உட்காருவார்.

தாவரங்களிலிருந்து கிடைக்கும் ஆல்கலாய்டுகளுக்கு, அதாவது உடலில் வேலை காட்டும் நைட்ரஜன் கலந்த வேதிப்பொருள்களுக்கு, பெயர் வைப்பதில் ஒரு வழக்கம் உண்டு. எந்தச் செடியிலிருந்து வந்ததோ அந்தச் செடியின் பெயரை எடுத்து, கடைசியில் 'இன்' சேர்த்துவிடுவார்கள். அட்ரோபா செடியிலிருந்து அட்ரோபின், ஸ்ட்ரிக்னோஸ் என்ற எட்டி மரத்திலிருந்து ஸ்ட்ரிக்னின். நிகோட்டினில் ஜான் நிகோ என்ற பிரெஞ்சுத் தூதர் இருக்கிறாரே என்பீர்கள். அவர் நேராக வரவில்லை, புகையிலையின் தாவரப் பெயர் வழியாக வந்தவர். மனிதர் பெயரை நேரடியாகச் சூட்டியதும் உண்டு, ஆனால் அரிது. மாதுளை வேர்ப்பட்டையில் கண்ட பொருளுக்கு, பெல்லெட்டியே என்ற மூத்த வேதியியலாளரின் நினைவாக 1878-இல் பெல்லெட்டியரின் என்று பெயர் வைத்தார் ஷார்ல் தான்ரே. அந்த அரிய வரிசையில் வருவதுதான் அஜ்மலின். அஜ்மல் ஒரு செடியல்ல. டெல்லியில் வாழ்ந்த யுனானி மருத்துவர், ஹக்கீம் அஜ்மல் கான்.

செடியின் பெயர் என்ன? சர்ப்பகந்தா. பாம்புக்கடிக்கும் மனக்கலக்கத்துக்கும் காலங்காலமாகக் கொடுத்து வந்த வேர். யுனானிக்காரர்கள் அஸ்ரோல் என்பார்கள். பிகார்ப் பக்கம் 'பாகல் கி தவா', பைத்தியத்துக்கு மருந்து என்றே பெயர். தாவரவியல் பெயர் ரௌவோல்ஃபியா செர்பென்டினா. ரௌவோல்ஃப் யார் தெரியுமா? 16-ஆம் நூற்றாண்டில் ஜெர்மனியின் ஆக்ஸ்பர்க் நகரில் இருந்த மருத்துவர். சிரியா, ஈராக் பக்கம் மூலிகை தேடிப் போனார். இந்தியாவுக்கு வந்ததே இல்லை. அவர் கண்ணால் காணாத செடிக்கு அவர் பெயர்! இதை ஒருவரும் குறையாகச் சொல்வதில்லை. அஜ்மல் கான் பெயரை வைத்ததற்கு மட்டும், 'மூலக்கூறைப் பற்றி ஒன்றும் சொல்லாத பெயர்' என்று முகம் சுளிப்பவர்கள் உண்டு. எனக்கு அந்தச் சுளிப்பு புரிவதில்லை.

பெயர் வைத்தவர் சலீமுஸ்ஸமான் சித்திகி. 1897-இல் லக்னோவுக்கு அருகே பாராபங்கி மாவட்டத்தில் பிறந்தவர். அலிகாரில் படித்தது தத்துவமும் பாரசீகமும். பிறகு லண்டன் போய், அங்கிருந்து பிராங்க்பர்ட் போய், யூலியஸ் ஃபோன் பிரவுனிடம் வேதியியலில் முனைவர் பட்டம் வாங்கினார், 1927-இல். டெல்லி திப்பியா கல்லூரியில் ஓர் ஆய்வுக்கூடம் அமைத்து, நாட்டு மருந்துகளை நவீன வேதியியல் கொண்டு ஆராய வேண்டும் என்பது ஹக்கீமின் நெடுநாள் ஆசை. அந்த வேலை சித்திகியின் கைக்கு வந்தது. ஆனால் ஹக்கீம் 1927 டிசம்பர் 29-ஆம் தேதி இறந்துபோனார்.

அஜ்மல் கானை வெறும் வைத்தியர் என்று நினைத்துவிடாதீர்கள். 1921-இல் அகமதாபாத் காங்கிரசுக்குத் தலைவராகத் தேர்வான சி.ஆர். தாஸ் சிறையில் இருந்ததால், அந்த நாற்காலியில் உட்கார்ந்தவர் இவர். ஜாமியா மில்லியா இஸ்லாமியாவின் முதல் வேந்தர். ஆங்கில அரசு கொடுத்த 'ஹாஸிக்-உல்-முல்க்' (நாட்டின் தேர்ந்த மருத்துவர்) பட்டத்தை ஒத்துழையாமைக் காலத்தில் திருப்பிக் கொடுத்தார். அதற்குப் பதில் மக்கள் 'மஸீஹ்-உல்-முல்க்', நாட்டைக் குணப்படுத்துபவர், என்று கூப்பிட ஆரம்பித்தார்கள். திப்பியா கல்லூரியின் கதையே அக்கால அரசியலின் சுருக்கம்: அடிக்கல் நாட்டியவர் வைஸ்ராய் ஹார்டிஞ்ச், 1921-இல் திறந்து வைத்தவர் காந்தி. ஒரே கட்டடம்தான், இடையில் காலம் புரண்டுவிட்டது. ஆயுர்வேதமும் யுனானியும் ஒரே கூரையின்கீழ் படிக்க வேண்டும் என்று அவர் கட்டிய இடம் அது.

1931-இல் சலீமுஸ்ஸமானும் ரஃபாத் ஹுசைன் சித்திகியும் இந்திய வேதியியல் கழக இதழில் கட்டுரை வெளியிட்டார்கள். சர்ப்பகந்தா வேரிலிருந்து ஐந்து ஆல்கலாய்டுகள். வெள்ளைப் படிகங்களாக வந்த மூன்றும் வலுக்குறைந்த காரங்கள்: அஜ்மலின், அஜ்மலினின், அஜ்மலிசின். மஞ்சளாக வந்த இரண்டும் வலுவான காரங்கள்: செர்பென்டின், செர்பென்டினின். வெள்ளைக்கு ஹக்கீம் பெயர், மஞ்சளுக்குப் பாம்பின் பெயர். அதே சித்திகி 1942-இல் வேப்பெண்ணெயிலிருந்து நிம்பின், நிம்பிடின் பிரித்தபோது ஒழுங்காக மரத்தின் பெயரைத்தான் வைத்தார். ஆக, ஆள் பெயர் வைப்பது அவர் வழக்கமல்ல. போனவருக்குச் செலுத்திய மரியாதை அது.

இங்கேதான் ஒரு வேடிக்கை. நிறத்தையும் காரத்தன்மையையும் வைத்துப் பிரித்தார்களே, பின்னாளில் உள்ளமைப்பு தெரிந்தபோது அந்தப் பங்காளிப் பிரிவினை சரியாக நிற்கவில்லை. செர்பென்டினோடு நான்கு ஹைட்ரஜன் அணுக்களைச் சேர்த்தால் கிடைப்பது அஜ்மலிசின்! வெள்ளைக் கூட்டத்தில் நின்ற அஜ்மலிசின், உறவுமுறையில் மஞ்சள் கூட்டத்தைச் சேர்ந்தது. அஜ்மலினோ ஆறு வளையங்கள் ஒன்றோடொன்று பின்னிய வேறு மாதிரியான கூடு. அஜ்மலின் என்பது இதயத் துடிப்பின் சீரைத் தொடும் மருந்து. அஜ்மலிசின் இரத்தக் குழாய்களைத் தளர்த்தும் பொருள். மருந்து உலகில் அதற்கு ரௌபாசின் என்ற இன்னொரு பெயரும் உண்டு. தேர்வில் 'சி'யை விட்டுவிட்டால் மதிப்பெண்தான் போகும். மருந்துச் சீட்டில் விட்டுவிட்டால் என்ன ஆகும் என்று உங்கள் ஆசிரியரிடம் கேளுங்கள். இன்னொன்று: நம் ஊர் நித்தியகல்யாணி வேரில் இருப்பது அஜ்மலிசின். தென்மாவட்டங்களில் அதைப் பயிரிடுகிறவர்களிடம் இலையை வாங்குவது புற்றுநோய் மருந்துக்காக, வேரை வாங்குவது இதற்காக. டெல்லி ஹக்கீமின் பெயர் அந்த மூட்டைகளிலும் போகிறது, சுமப்பவருக்குத் தெரியாமல்.

சரி, 'இன்' போட்ட இந்தப் பழைய பெயர் போதுமா, முறையான வேதியியல் பெயர் வேண்டாமா? வேண்டும். ஆனால் 1931-இல் அது முடியாத காரியம். முறைப்பெயர் என்பது வீட்டு முகவரி மாதிரி. எந்தக் கார்பனில் எது தொங்குகிறது என்று தெரிந்தால்தான் எழுத முடியும். அஜ்மலினின் உள்ளமைப்போடு ராபர்ட் ராபின்சன் மல்லுக்கட்டினார், ஆர்.பி. உட்வர்டு மல்லுக்கட்டினார், இருவரும் நோபல் பரிசு பெற்றவர்கள். உட்வர்டு 1956-இல் அமைப்பைச் சொல்லும்போது பெயர் வைத்து 25 ஆண்டுகள் ஆகிவிட்டன. ஆய்வுக்கூடத்திலேயே முழுதாகக் கட்டி எழுப்பியவர் மசமுனே என்ற வேதியியலாளர், 1967-இல்.

அமைப்பு தெரிந்த பிறகாவது ஹக்கீம் வெளியேறினாரா? இல்லை. முறைப்படி அடியிலிருந்து கட்டினால் பெயர் இரண்டு வரிக்கு நீளும், ஒன்பது இடங்களில் கைத்திசை, அதாவது அணுக்கள் இடக்கை போல அமைந்தனவா வலக்கை போலவா என்பதை, வேறு குறிக்க வேண்டும். வேதியியலாளர்களும் மனிதர்கள்தானே, சலித்துப்போய் ஒரு குறுக்குவழி கண்டார்கள். அந்த ஆறு வளையக் கூட்டுக்கே 'அஜ்மலான்' என்று பெயர் வைத்துவிட்டார்கள். 17-ஆம் இடத்திலும் 21-ஆம் இடத்திலும் இரண்டு ஹைட்ராக்சில் தொகுதிகள் இருப்பதால் முறைப்பெயர் 'அஜ்மலான்-17,21-டையால்'. எந்த ஒழுங்குமுறை தனிமனிதர் பெயரை ஒதுக்க வந்ததோ, அதுவே அவரை அடித்தளமாக எடுத்துக்கொண்டது. அஜ்மலினிலிருந்து திருத்திச் செய்த மருந்துகளிலும் அந்தத் துண்டு ஒட்டிக்கொண்டது: பிராஜ்மலின், லோராஜ்மின். லோராஜ்மினில் 'அஜ்ம்' மட்டும்தான் மிச்சம். ஜெர்மன்காரர்கள் ஜே எழுத்தை 'ய' என்று ஒலிப்பார்கள், அவர்கள் வாயில் இது 'அய்மலின்'.

பெயர் பரவியது, புகழ் பரவவில்லை. 1952-இல் அதே வேரிலிருந்து சுவிட்சர்லாந்தின் பாசல் நகரிலுள்ள சீபா மருந்து நிறுவனத்தார் ரெசர்பின் பிரித்தார்கள். இரத்த அழுத்தத்துக்கும் மனநோய்க்கும் அது உலகெங்கும் போயிற்று. ரௌவோல்ஃபியா என்றாலே ரெசர்பின் என்றானது. சித்திகி 1951-இலேயே பாகிஸ்தான் போய்விட்டார். அங்கே அறிவியல் தொழில் ஆய்வு மன்றத்தைக் கட்டினார், 1961-இல் லண்டன் ராயல் சொசைட்டி உறுப்பினரானார், 1994-இல் கராச்சியில் காலமானார்.

இன்று அஜ்மலின் எதற்குப் பயன்படுகிறது? 1992-இல் பெட்ரோ புருகாடா, ஜோசப் புருகாடா என்ற சகோதரர்கள் ஒரு நோயை விவரித்தார்கள். இதயம் பார்க்க நன்றாக இருக்கும். ஆனால் அதன் மின்னோட்டத்தில் கோளாறு. சிலருக்குத் தூக்கத்திலேயே உயிர் போய்விடும். தாய்லாந்தில் 'லாய் தாய்', பிலிப்பைன்சில் 'பங்குங்குட்' என்று ஊரார் பேய்க்கதையாகச் சொல்லி வந்த இரவுச் சாவுகளில் பல இதுதான் என்று பிறகு தெரிந்தது. சிக்கல் என்னவென்றால், இ.சி.ஜி.யில் இந்நோயின் அடையாளம் எப்போதும் தெரியாது, ஒளிந்துகொள்ளும்.

அதை வெளியே கொண்டுவரும் சோதனைக்குத்தான் அஜ்மலின். அது இதயத் தசையின் சோடியம் கால்வாய்களை, அதாவது சோடியம் உள்ளே நுழையும் நுண்வாசல்களை, அடைக்கும். நல்ல இதயம் அதைத் தாங்கிக்கொள்ளும். ஏற்கெனவே சோடியம் ஓட்டம் குறைந்த இதயத்தில், ஒளிந்திருந்த வளைவு இ.சி.ஜி.யின் வலப்பக்க மார்பு வரைபடங்களில் எழும்பிவிடும். உடல் எடையில் ஒரு கிலோவுக்கு 1 மில்லிகிராம் கணக்கில், நரம்பு வழியாகச் சில நிமிடங்களில் மெல்ல ஏற்றுவார்கள். பக்கத்திலேயே மின்னதிர்ச்சிக் கருவி தயாராக இருக்கும். இ.சி.ஜி. அலை அகன்றாலோ துடிப்பு தடுமாறினாலோ உடனே நிறுத்திவிடுவார்கள். மருந்தின் வேகம் சீக்கிரம் அடங்கிவிடும் என்பதால்தான் ஐரோப்பிய மருத்துவமனைகள் இதை விரும்புகின்றன. அமெரிக்காவில் கிடைக்காது, அங்கே இதற்குப் பதில் புரோகைனமைடு என்ற மருந்து. அஜ்மலின் கொஞ்சம் அதிகமாகவே காட்டிக்கொடுக்கிறது, நோயில்லாதவரையும் நோயாளியாக்கிவிடுகிறது என்ற சர்ச்சையும் நடக்கிறது. அது நியாயமான சர்ச்சை என்றே நினைக்கிறேன்.

சோதனையில் நோய் உறுதியானால் நோயாளி கையில் ஒரு தாள் கொடுப்பார்கள். காய்ச்சலை வளரவிடாதீர்கள், இன்னின்ன மருந்துகளைத் தொடாதீர்கள் என்று. துடிப்பைச் சீராக்கும் மருந்துகளின் தலைப்பில், அகரவரிசைப்படி முதலில் நிற்கும் பெயர் அஜ்மலின்.

கேள்விகள் இருந்தால் கேளுங்கள். முன்வரிசையிலிருந்தே தொடங்கலாம்.