நாளுக்கு ஒரு டாலர் கூலி: சி.சி.சி. முகாம்களை ஒரு தொழிற்சங்கக்காரர் நடத்திய விதம்

[திரையில்: ஒரு 30 டாலர் சம்பளச் சீட்டு, இரண்டாகக் கிழிகிறது]

மாதச் சம்பளம் 30 டாலர். அதில் 25 டாலர் நேரே வீட்டுக்குப் போய்விடும், பையன் கைக்கு வருவது 5 டாலர். 1933-இல் அமெரிக்கா தொடங்கிய சிவிலியன் கன்சர்வேஷன் கார்ப்ஸ், சுருக்கமாக சி.சி.சி., இந்தக் கணக்கில்தான் ஓடியது. நிவாரணம் வாங்கும் குடும்பங்களைச் சேர்ந்த, 18 முதல் 25 வயது வரையுள்ள, திருமணமாகாத இளைஞர்கள். ஆறு மாத ஒப்பந்தம். மரம் நடுதல், காட்டுத்தீ அணைத்தல், மண் அரிப்பைத் தடுக்கச் சிறு தடுப்பணை கட்டுதல் என வேலை.

இதற்கு முதல் எதிர்ப்பு தொழிற்சங்கங்களிடமிருந்து வந்தது. அமெரிக்கத் தொழிலாளர் கூட்டமைப்பின் தலைவர் வில்லியம் கிரீனுக்கு இரண்டு பயம். இராணுவம் இளைஞர்களை முகாமில் அடைப்பது ஒன்று. அரசே நாளுக்கு ஒரு டாலர் கொடுத்தால் வெளியில் இருக்கும் கூலியும் சரிந்துவிடும் என்பது மற்றொன்று. இரண்டாவது பயம் நியாயமானதுதான்.

[திரையில்: ராபர்ட் ஃபெக்னர்]

அதிபர் ரூஸ்வெல்ட் கண்ட வழி எளியது. 1933 ஏப்ரல் 5 அன்று, இயந்திரத் தொழிலாளர் சங்கத்தின் துணைத் தலைவர் ராபர்ட் ஃபெக்னரையே இயக்குநராக்கினார். ஃபெக்னர் பள்ளிப் படிப்பைப் பாதியில் விட்டு, ஜார்ஜியாவில் ரயில்வே பட்டறையில் தொழில் பழகியவர். முதல் உலகப் போர்க் காலத்தில் தொழிலாளர் தகராறுகளைப் பேசித் தீர்த்த வகையில் ரூஸ்வெல்ட்டுக்கு அறிமுகமானவர்.

ஆனால் பெரிய அதிகாரம் எதுவும் அவர் கையில் வரவில்லை. ஆள் எடுப்பது தொழிலாளர் துறை. முகாம், சாப்பாடு, உடை, சம்பளம் எல்லாம் இராணுவம். என்ன வேலை, எப்படி என்று திட்டமிட்டு மேற்பார்ப்பது வேளாண் துறையும் உள்துறையும் (அமெரிக்காவில் இது பொது நிலங்களையும் தேசியப் பூங்காக்களையும் பார்க்கும் துறை). முகாமுக்குச் சுமார் 200 பேர். காலையில் இராணுவ அதிகாரி எழுப்புவார், பிறகு வனத்துறை மேஸ்திரி வேலைக்கு அழைத்துப் போவார், சாயங்காலம் மறுபடி இராணுவத்திடம். நாளுக்கு 8 மணி நேரம், வாரத்துக்கு 40 மணி நேரம். குழுத் தலைவனுக்கு 45 டாலர், உதவித் தலைவனுக்கு 36 டாலர்.

ஃபெக்னரிடம் மிஞ்சியது ஒன்றே ஒன்று: கையெழுத்து. முகாம் எங்கே அமைவது, என்ன வாங்குவது என்பதெல்லாம் அவர் மேசையைத் தாண்டித்தான் போக வேண்டும். முதல் சிக்கலும் அங்கேதான் முளைத்தது.

[திரையில்: ஜூலை 1 இலக்கு: 2,50,000 பேர்]

முதல் முகாம் ஏப்ரல் 17 அன்று வர்ஜீனியாவின் லூரே அருகே திறந்தது. மே மாதத்தில் இடங்களுக்கான அனுமதி இழுத்துக்கொண்டே போனது. இலக்கைத் தொட நாளுக்கு 8,540 பேர் சேர வேண்டும் என்று இராணுவம் கணக்குக் காட்டியது. ரூஸ்வெல்ட் அனுமதி நடைமுறையைத் தளர்த்தி இராணுவத்துக்கு வழிவிட்டார். ஜூலை தொடக்கத்தில் சுமார் 1,300 முகாம்கள், 2,75,000 பேர். உண்மையில் அந்த ஓட்டத்தைச் சாத்தியமாக்கியது ஃபெக்னர் அல்ல, இராணுவம்.

அதே வசந்தத்தில் ஒரு கொள்முதல் வம்பு. இளைஞர்களுக்குக் கொடுக்கும் கழிப்பறைப் பைகள், அதாவது பிரஷ், சவரச் சாமான் போன்றவை. ஒரு பை 1.40 டாலர் வீதம் 2,00,000 பைகள். இராணுவம் இதைவிட மலிவாகத் தந்திருக்கும் என்று செனட் கேட்டது. இந்தக் கொள்முதலுக்கு ஒப்புதல் வாங்கிக் கொடுத்தவர் ரூஸ்வெல்ட்டின் உதவியாளர் லூயிஸ் ஹவ். பதில் சொன்னவர் ஃபெக்னர். செலவில் அவருடைய கறாருக்கு இந்தச் சூடும் காரணமாக இருக்கலாம். பிற்காலத்தில் முகாம் வண்டிகளைப் பழுதுபார்க்க மையப் பட்டறைகளை அமைத்தார். பட்டறைக்காரருக்கே உரிய யோசனை! துறைகளுக்கோ எரிச்சல்.

படிப்பு விஷயத்தில் அவருடைய நிலை தெளிவு: முதலில் 8 மணி நேர வேலை, படிப்பு மாலையில். முகாம்களில் ஆசிரியர்கள் வந்த பிறகும் வேலை நேரத்தைத் தொட விடவில்லை.

[திரையில்: தனித்தனி முகாம்கள்]

இனப் பாகுபாடு கூடாது என்று சட்டத்திலேயே ஒரு வரி இருந்தது. அமெரிக்க நாடாளுமன்றமான காங்கிரஸின் உறுப்பினர் ஆஸ்கர் டி பிரீஸ்ட் சேர்த்தது. ஃபெக்னர் அதை ஏட்டோடு நிறுத்தினார். கறுப்பினத்தவர் எண்ணிக்கை மக்கள்தொகை விகிதப்படி சுமார் 10 சதவீதம். வேலையின்மை அவர்களிடம் வெள்ளையரைவிட மிக அதிகம் என்பது கணக்கில் வரவில்லை. 1935-இல் முகாம்களைப் பிரித்தார். பிரிப்பது பாகுபாடு ஆகாது என்று எழுதியும் வைத்தார். கறுப்பின முகாமுக்கு உள்ளூரார் எதிர்த்தால் அந்த முகாம் வேறு இடம் தேடும். இடமில்லாவிட்டால் சேர்க்கையே நிற்கும்.

1935 ஆகஸ்டில் சி.சி.சி. உச்சம்: 5 லட்சத்துக்கும் மேல், சுமார் 2,600 முகாம்கள். 1937 சட்டம் வயதை 17 முதல் 23 ஆக்கியது. 1939-இல் சி.சி.சி.யை ஃபெடரல் செக்யூரிட்டி ஏஜென்சி என்ற சமூக நல அமைப்பின் கீழ் கொண்டுபோனார்கள். தனி அதிகாரம் போவது ஃபெக்னருக்குக் கசந்தது. அந்த டிசம்பர் 31 அன்று வாஷிங்டனில் இறந்தார். அவர் நாற்காலியில் உட்கார்ந்தவர் ஜேம்ஸ் மெக்என்டீ. அவரும் அதே இயந்திரத் தொழிலாளர் சங்கத்துக்காரர்தான். போர் வந்த பின், 1942-இல் காங்கிரஸ் பணத்தை நிறுத்தியபோது, முகாம்களுக்குப் பூட்டுப் போடும் வேலை அவர் தலையில் விழுந்தது.