வாழவில்லை, நடித்தான்

(குறும்படத் திரையிடல் ஒன்றில் பேசியதன் எழுத்து வடிவம்)

அனைவருக்கும் வணக்கம்.

எனக்கு முன் பேசிய தோழர், இப்போது நாம் பார்த்த படத்தில் பனங்காட்டுக்குள் குப்புற விழுகிற பையனைப் பற்றி, "அவன் நடிக்கவில்லை, வாழ்ந்திருக்கிறான்" என்றார். நீங்களும் கை தட்டினீர்கள். நடிகர் திலகத்தில் தொடங்கி நேற்றைய சீரியல் மாமியார் வரை எல்லாருக்கும் நாம் போடுகிற மாலைதான் அது. இந்தப் பையன் கழுத்தில் மட்டும் போடாதீர்கள் என்று கேட்டுக்கொள்ளத்தான் மேடை ஏறினேன். அந்தப் படத்தின் படப்பிடிப்பில் கிளாப் போர்டு அடித்தவன் நான்.

படம் 12 நிமிடம். அவன் வருவது 40 விநாடி. 1990-ல் இலங்கையின் மன்னார்ப் பக்கம் ஒரு கிராமத்தின் மேல் விமானம் குண்டு போடுகிறது, ஒரு சிறுவன் ஓடி வந்து விழுகிறான், அவ்வளவுதான். இராமநாதபுரம் மாவட்டத்துப் பனங்காடு ஒன்றில் 2018-ல் எடுத்தோம். பையனுக்கு ஒன்பது வயது, இலங்கைத் தமிழர் முகாமில் இருப்பவன். 'அகதிக் குழந்தை' என்றதும் நாம் மனதுக்குள் ஒரு கணக்குப் போட்டுவிடுகிறோம்: இவன் குண்டைப் பார்த்திருப்பான், பிணத்தைப் பார்த்திருப்பான், அதனால்தான் கண்ணில் அவ்வளவு பயம்.

அவன் பிறந்தது 2009-ல், தமிழ்நாட்டு அரசு மருத்துவமனையில். அவன் அம்மாவே மூன்று வயதில் மடியில் உட்கார்ந்து படகேறி வந்தவர். அவன் பார்த்த விமானமெல்லாம் வானத்தில் கோடு போட்டுக்கொண்டு போகிற பயணிகள் விமானம். நம்மிடம் "அண்ணே, டீ வந்துருச்சு" என்பான். வீட்டுக்குள் போனால் "ஓம் அம்மம்மா, வாறன்" என்பான். வாசல்படி தாண்டும்போதே பாஷை மாறும். நடிப்புப் பயிற்சி என்று வேறு எதைச் சொல்வது?

ஆனாலும் சட்டப்படி அவன் இந்த ஊர்க்காரன் இல்லை. 2004 டிசம்பர் 3-க்குப் பிறகு இந்தியாவில் பிறந்த குழந்தைக்குப் பிறப்பால் குடியுரிமை வேண்டுமென்றால், பெற்றோரில் ஒருவராவது இந்தியக் குடிமகனாக இருக்க வேண்டும். மற்றவர் சட்டவிரோதமாக வந்தவராக இருக்கக் கூடாது. 2021-ல் 'அகதிகள் முகாம்' என்ற பெயரை 'மறுவாழ்வு முகாம்' என்று தமிழக அரசு மாற்றியது. நல்ல காரியம்தான். பலகை மாறியது, குடியுரிமைச் சட்டத்தின் அந்தப் பிரிவு மாறவில்லை.

அப்படியானால் அந்த 40 விநாடி எங்கிருந்து வந்தது? அம்மம்மாவிடமிருந்து. படப்பிடிப்புக்கு முதல் நாள் இரவு அவர்தான் முற்றத்தில் அவனைப் படுக்க வைத்துச் சொல்லிக் கொடுத்திருக்கிறார். "பொம்மர் (குண்டு போடுகிற விமானம்) வந்தா ஓடப்படாது. குப்புறப் படுக்கோணும். காதைப் பொத்தோணும். வாயை ஆவெண்டு திறந்து வைக்கோணும், இல்லாட்டி காது வெடிச்சுப் போகும்." இயக்குநருக்கு இது எதுவும் தெரியாது. தெரிந்திருந்தால் ஓடி வரச் சொல்லியிருக்கவே மாட்டார். பையன் இரண்டு பேரையும் சமாளித்தான். இயக்குநருக்காக ஓடினான், அம்மம்மாவுக்காகப் படுத்தான். விரலால் காதைப் பொத்தி, வாயைத் திறந்தபடி கிடந்தான். மூன்று டேக். மூன்றிலும் ஒரே இடத்தில் விழுந்தான். ஊர் ஊராக நாடகம் போட்ட பெரியவர் ஒருவர் அன்று எங்களோடு இருந்தார். "இவன் குறி பாத்து விழறான்யா" என்றார். அதுதான் அவனுக்குக் கிடைத்த சரியான விமர்சனம்.

அம்மம்மாவும் படப்பிடிப்புக்கு வந்திருந்தார். பிளாஸ்டிக் நாற்காலி போட்டுக் கொடுத்தோம். 'ஆக்‌ஷன்' சொன்னதும் நாற்காலியைத் தூக்கி ரோட்டுப் பக்கமாகத் திருப்பிப் போட்டுக்கொண்டார். கட் சொல்லி, 'செத்தவர்கள்' எல்லாம் எழுந்து மண்ணைத் தட்டிவிட்டு டீ குடிக்கப் போன பிறகுதான் திரும்பினார். வாழ்ந்தவர் அவர். அவர் ஃபிரேமிலேயே இல்லை.

இது நம் ஊர்க் கதை மட்டும் இல்லை. லெபனான் இயக்குநர் நதீன் லபாக்கியின் 'கபர்நாம்' படத்தில் நடித்த ஸெய்ன் அல் ரஃபியாவை எடுத்துக்கொள்ளுங்கள். சிரியாவின் தரா நகரத்துப் பையன். 2012-ல் குடும்பத்தோடு லெபனானுக்கு ஓடி வந்தவன், பெய்ரூட் தெருவில் கண்டுபிடிக்கப்பட்டவன். படம் 2018-ல் கான் திரைப்பட விழாவில் ஜூரி பரிசு வாங்கியதும் உலகமே "அவன் தன் வாழ்க்கையையே வாழ்ந்தான்" என்றது. படத்தைக் கவனித்துப் பாருங்கள். அதில் அவன் சிரியாக்காரனே இல்லை, லெபனான் சேரிப் பையன். பசிக்கு வழியில்லாமல், நிவாரணப் பொருள் வாங்குவதற்காகத் தன்னைச் சிரிய அகதி என்று பொய் சொல்கிறான். நிஜ அகதி, அகதி இல்லாதவனாக நடித்து, அவன் அகதியாக நடிப்பதையும் நடிக்கிறான். இதைப் போய் 'வாழ்ந்தான்' என்று ஒரே சொல்லில் முடித்தால் அந்தப் பையனின் உழைப்பு எங்கே போவது? அதே ஆண்டு ஐ.நா. அகதிகள் ஆணையத்தின் உதவியோடு அவன் குடும்பம் நார்வேயின் வடகோடியில் ஹாமர்ஃபெஸ்ட் போய்ச் சேர்ந்தது. எல்லாருக்கும் அப்படி அமைவதில்லை. அதே படத்தில், உரிய காகிதம் இல்லாமல் கைதாகும் பெண்ணாக நடித்தவர், அந்தக் காட்சி எடுத்த சில நாட்களில் நிஜமாகவே கைதானார்.

இன்னொருவர் ஜமால். பெஷாவர் அருகே ஷம்ஷத்தூ முகாமில் இருந்த ஆப்கன் சிறுவன். ஆங்கிலேய இயக்குநர் மைக்கேல் விண்டர்பாட்டத்தின் 'இன் திஸ் வேர்ல்ட்' படத்தில் லண்டனுக்குத் தரைவழியாகத் தப்பிப் போகிற பையனாக நடித்தான். 2003-ல் பெர்லின் திரைப்பட விழாவில் அந்தப் படத்துக்குத் தங்கக் கரடி விருது. ஆனால் படப்பிடிப்பு முடிந்து ஊருக்குப் போனவன், மறுபடி லண்டன் வந்து நிஜமாகவே அடைக்கலம் கேட்டான். மறுத்தார்கள், 18 வயது நிரம்பும் வரை மட்டும் இருக்கலாம் என்றார்கள். இங்கே நடிப்பு முதலில் வந்தது, வாழ்க்கை பிறகு வந்தது. நம் மாலையில் பூவைத் தலைகீழாகத்தான் கட்ட வேண்டும்.

'வாழ்ந்தான்' என்று சொல்வதில் நமக்கு ஒரு வசதியும் இருக்கிறது. வாழ்ந்ததற்கு யாரும் சம்பளம் கேட்க மாட்டார்கள். குழந்தை நடிகர் விஷயத்தில் 2017-ல் வந்த விதிகள் தெளிவாகவே இருக்கின்றன: மாவட்ட ஆட்சியர் அனுமதி வேண்டும், நாளுக்கு ஐந்து மணி நேரத்துக்கு மேல் கூடாது, வருமானத்தில் 20 சதவீதத்தையாவது குழந்தை பெயரில் வங்கியில் வைப்பாகப் போட வேண்டும். நாங்கள் என்ன செய்தோம்? புரோட்டா வாங்கிக் கொடுத்தோம். 500 ரூபாயை அம்மா கையில் கொடுத்தோம். ஆட்சியர் அனுமதி என்று ஒன்று இருப்பதே எனக்கு அப்போது தெரியாது. குறும்படம்தானே, பையன் ஆசையாகத்தானே வந்தான் என்று இருந்துவிட்டோம். ஆசையாக வந்தான் என்பதும் உண்மைதான். மூன்றாவது டேக் முடிந்ததும் "இன்னொண்ணு போலாமாண்ணே?" என்று கேட்டவன் அவன்.

படம் முடிந்ததும் முகாம் கூடத்தில் ஒரு லேப்டாப்பில் போட்டுக் காட்டினோம். முப்பது நாற்பது பேர். அவன் வருகிற இடத்தில் பிள்ளைகள் கூச்சல் போட்டார்கள். அவன் மட்டும் முகம் சுருங்கி என் பக்கத்தில் வந்து நின்றான்.

"அண்ணே, நான் கத்தவே இல்லையே."

எடிட்டிங்கில் பார்த்தபோது திறந்த வாய் அலறுவது போலத் தெரிந்தது. ஆனால் சத்தம் பதிவாகவில்லை. மைக் கோளாறு என்று நினைத்து, இணையத்தில் கிடந்த ஒரு குழந்தை அலறலை எடுத்து ஒட்டிவிட்டோம். அம்மம்மாவின் பாடத்தை அவன் எனக்கு விளக்கியது அன்றைக்குத்தான்.

இன்று நீங்கள் பார்த்த பிரதியிலும் அந்த அலறல் அப்படியே இருக்கிறது.