வாசகரின் கண்ணை முதலில் வைத்தவர்: ஸ்டான்லி மோரிசன்

அவையோர் அனைவருக்கும் வணக்கம்.

1932ஆம் ஆண்டு அக்டோபர் 3ஆம் நாள் காலையில் லண்டன் ‘தி டைம்ஸ்’ நாளிதழைப் பிரித்தவர்கள், அதன் செய்திகள் யாவும் ‘டைம்ஸ் நியூ ரோமன்’ என்னும் புதியதோர் அச்செழுத்தில் கோக்கப்பட்டிருப்பதைக் கண்டார்கள். முகப்பில் இதழின் பெயரைத் தாங்கியிருந்த, கூர்முனைகள் கொண்ட பழைய கோதிக் பாணி எழுத்தும் மாறியிருந்தது. நூற்றாண்டு கடந்த அந்த இதழை இவ்வளவு துணிந்து மாற்றச் செய்தவர் ஸ்டான்லி மோரிசன். அவருடைய பணியைப் பற்றியே இன்று பேச விழைகிறேன்.

மோரிசன் 1889இல் எசெக்ஸ் மாவட்டத்து வான்ஸ்டெட்டில் பிறந்தார். தந்தை குடும்பத்தைக் கைவிட்டுப் போய்விட்டதால், பதினான்கு வயதில் பள்ளியை விட்டு வேலைக்குப் போக நேர்ந்தது. வங்கியில் எழுத்தராக இருந்த நாளில், 1912 செப்டம்பரில், அச்சுத்தொழிலைப் பற்றி இதே ‘தி டைம்ஸ்’ வெளியிட்ட சிறப்பு இணைப்பு அவர் கைக்குக் கிடைத்தது; அதுவே அவர் வாழ்க்கையைத் திசை திருப்பியது. மறு ஆண்டு ‘தி இம்ப்ரின்ட்’ என்னும் அச்சுக்கலை இதழில் உதவியாளராகச் சேர்ந்தார். முதல் உலகப் போரில் மனச்சான்றின் பேரில் படையில் சேர மறுத்துச் சிறை சென்றார். முறையான கல்லூரிப் படிப்பு அவருக்கு இல்லை. அச்சின் வரலாற்றைத் தாமாகவே பழைய நூல்களிலிருந்து கற்றுக்கொண்டார்.

1920களின் தொடக்கத்தில் மோனோடைப் நிறுவனத்தின் ஆலோசகரானதே அவர் வாழ்வின் பெரும் வாய்ப்பு. மோனோடைப் என்பது இரண்டு இயந்திரங்களின் கூட்டு: விசைப்பலகையில் தட்டத் தட்டக் காகிதச் சுருளில் துளைகள் விழும், அந்தத் துளைகளின்படி இன்னோர் இயந்திரம் உருகிய ஈயக் கலவையிலிருந்து எழுத்துகளை ஒவ்வொன்றாக வார்த்துத் தரும். இவ்வளவு திறமை வாய்ந்த கருவிக்கு நல்ல எழுத்து வேண்டாமா? மோரிசன் பழைய நூல்களுக்குத் திரும்பினார். 1490களில் வெனிஸ் நகரத்தில் ஆல்டஸ் மனூஷியஸ் அச்சிட்ட சிறு நூலொன்றுக்காகப் பிரான்செஸ்கோ கிரிஃபோ வெட்டிய எழுத்தே, 1929இல் ‘பெம்போ’ என்ற பெயரில் மறுபிறவி எடுத்தது. பர்மிங்ஹாமின் பாஸ்கர்வில் எழுத்தும் பிரான்சின் ஃபூர்னியே எழுத்தும் அவ்வாறே மீண்டன. சிற்பி எரிக் கில் வரைந்த எழுத்துகள் மோனோடைப்புக்கு வந்ததும் அவர் முயற்சியால்தான்.

அவருடைய கொள்கையை ‘அச்சுக்கலையின் முதற்கோட்பாடுகள்’ என்னும் கட்டுரையில், 1930இல், எழுதி வைத்தார். எழுத்தை அடுக்குவதும் இடைவெளி விடுவதும் வாசகர் பொருளை உணர்வதற்காகவே. அழகு அதில் தற்செயலாக வந்து சேர்வது என்றார். புதிய எழுத்து வெற்றி பெற வேண்டுமானால், அதன் புதுமை மிகச் சிலருக்கே தெரிய வேண்டும் என்பதும் அவர் கருத்து. தன் கைவண்ணம் தெரியாமல் மறைந்து நிற்பதைப் பெருமையாகக் கருதும் கலைஞர் எத்தனை பேர்? நான் அவரை வணங்குவது இதற்காகத்தான்.

‘தி டைம்ஸ்’ மோசமாக அச்சிடப்படுகிறது என்று அவர் வெளிப்படையாகவே குறை கூறினார். நிர்வாகம் அவரையே ஆலோசகராக்கியது. நாளிதழின் குறுகிய பத்தியில் சொற்கள் நெருங்கி அமைய வேண்டும். வேகமாக ஓடும் இயந்திரத்தில் அச்சிட்டாலும் தெளிவு குன்றக் கூடாது. ஆகவே சிற்றெழுத்துகளின் உடலை உயரமாக்கி, மேலும் கீழும் நீளும் கோடுகளைக் குறுக்கினார்கள். இங்கே ஒன்றை அழுத்திச் சொல்ல வேண்டும். அந்த எழுத்தைக் கையால் வரைந்தவர் மோரிசன் அல்லர். இதழின் விளம்பரப் பிரிவில் ஓவியராக இருந்த விக்டர் லார்டென்ட். பழைய பிளான்டின் எழுத்தில் அச்சான பக்கத்தின் நிழற்படத்தை முன்மாதிரியாகத் தந்து, திருத்தித் திருத்தி வழிநடத்தியவரே மோரிசன். லார்டென்டின் பெயர் இன்று அரிதாகவே ஒலிக்கிறது. அவருக்கும் உரிய பங்கை நாம் கொடுத்தாக வேண்டும்.

ஓராண்டு கழித்து அந்த எழுத்து மற்ற அச்சகங்களுக்கும் விற்பனைக்கு வந்தது. மோரிசன் 1967 அக்டோபர் 11ஆம் நாள் காலமானார். 1972இல் ‘தி டைம்ஸ்’ வேறோர் எழுத்துக்கு மாறிக்கொண்டது. ஆனால் 1992இல் விண்டோஸ் 3.1 கணினிகளோடு ‘டைம்ஸ் நியூ ரோமன்’ வீடு வீடாகப் புகுந்தது. பெயர் தெரியாமலேயே அதில் தட்டச்சு செய்து ஆங்கில விண்ணப்பம் அனுப்பியவர்கள் இந்த அரங்கிலும் பலர் இருப்பீர்கள்.