இரண்டிலும் 6 விழுந்தால் ஏன் கழிக்கிறோம்?

அடுத்த கேள்வியைப் படிக்கிறேன். "இரண்டு பகடைகளை உருட்டினால் ஒன்றிலாவது 6 விழுவதற்கான நிகழ்தகவு 11/36 என்றீர்கள். 1/6-உம் 1/6-உம் கூட்டி, 1/36-ஐக் கழித்தீர்கள். இரண்டிலும் 6 விழுந்தாலும் நமக்குச் சாதகம்தானே? அதை ஏன் நீக்க வேண்டும்?"

சூத்திரத்தை மனப்பாடம் செய்தவர்களுக்கு இந்தச் சந்தேகம் வரவே வராது. நீங்கள் யோசித்திருக்கிறீர்கள்.

ஒரு பகடை சிவப்பு, மற்றது நீலம் என்று வைத்துக்கொள்ளுங்கள். தாளில் 6 வரிசை, 6 நிரல் கொண்ட கட்டம் போடுங்கள். வரிசை சிவப்புக்கு, நிரல் நீலத்துக்கு. மொத்தம் 36 கட்டங்கள். சிவப்பில் 6 விழும் கடைசி வரிசைக்குப் பென்சிலால் கோடிடுங்கள்; 6 கட்டங்கள். நீலத்தில் 6 விழும் கடைசி நிரலுக்கும் கோடிடுங்கள்; அதிலும் 6. இப்போது மூலையைப் பாருங்கள். அந்த ஒரு கட்டத்தில் மட்டும் இரண்டு கோடுகள் விழுந்திருக்கின்றன. 6 + 6 = 12 என்று எண்ணியபோது அதை இருமுறை எண்ணிவிட்டோம். கழிப்பது அந்தக் கூடுதல் எண்ணிக்கையை மட்டும்தான். கட்டம் அங்கேயேதான் இருக்கிறது, ஒருமுறை எண்ணப்பட்டு. ஆகவே 11.

இரண்டுக்கும் பொதுவான அந்த மூலைப் பகுதிக்கு 'வெட்டு' என்று பெயர்; "வெட்டைக் கழி" என்று பாடத்தில் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறோம். குழப்பத்துக்குப் பாதிக் காரணம் அந்தச் சொல்தான் என்பது என் எண்ணம்.

கழிக்காமல் விட்டால் என்ன ஆகும்? 6 பகடைகளை உருட்டினால் ஆறு 1/6 சேர்ந்து 1 வரும். அதாவது 6 விழுவது உறுதி! உருட்டிப் பார்த்தவர் யாரும் நம்பமாட்டார். 7 பகடை என்றால் 7/6. நிகழ்தகவு 1-ஐத் தாண்டினால் எங்கோ இருமுறை எண்ணியிருக்கிறோம்.

இன்னொன்று. ஒரு பகடை மற்றதைப் பாதிப்பதில்லையே, பிறகு எப்படி இரண்டும் மேற்பொருந்தும் என்று சிலர் கேட்கிறார்கள். சார்பிலா நிகழ்ச்சிகள் வேறு, ஒன்றையொன்று விலக்கும் நிகழ்ச்சிகள் வேறு. ஒரே பகடையில் ஒரே வீச்சில் 2-உம் 5-உம் சேர்ந்து விழாது. அங்கே நேராகக் கூட்டலாம், கழிக்க எதுவும் இல்லை. இரண்டு பகடைகளில் இரண்டு 6 சேர்ந்து விழத் தடையே இல்லை.

மூன்று பகடை என்றால் இந்தக் கூட்டல் கழித்தல் நீண்டுகொண்டே போகும். எதிலும் 6 விழாத வாய்ப்பைப் பாருங்கள்: 5/6-ஐ மூன்று முறை பெருக்கினால் 125/216. அதை 1-இலிருந்து கழித்தால் 91/216. இதே வழியில் இரண்டு பகடைக்கும் போட்டுப் பாருங்கள், 1 − 25/36. அதே 11/36 வரும்.