சம்பளத்தை அடமானம் வச்ச புரொடியூசர்

வணக்கம் மக்களே. இன்னைக்கு ஹாலிவுட் புரொடியூசர் ஸ்டான்லி கிரேமர் பத்திப் பேசலாம். பின்னாடி டைரக்‌ஷனும் பண்ணாரு. ஆனா யாரும் தொடப் பயந்த கதைக்குக் காசு பொரட்டுனாரு பாருங்க, எனக்கு அதுதான் முக்கியம்.

1949-ல 'ஹோம் ஆஃப் தி பிரேவ்'. ராணுவத்துல ஒரு கறுப்பினச் சிப்பாய் படுற அவமானம்தான் கதை. மூல நாடகத்துல அது யூதப் பாத்திரம், இவருதான் மாத்துனாரு. விஷயம் கசிஞ்சா தடுத்துருவாங்கன்னு, வேற பேரு சொல்லி மூச்சு விடாம எடுத்து முடிச்சாங்க. அடுத்த வருஷம் 'தி மென்', போர்ல முதுகுத்தண்டு அடிபட்டுக் கால் செயலிழந்து போனவங்க கதை. மார்லன் பிராண்டோவுக்கு இதுதான் முதல் படம். மனுஷன் முன்னாள் வீரர்கள் ஆஸ்பத்திரியிலயே தங்கி, அவங்களோட சேர்ந்து வீல்சேர் ஓட்டிப் பழகினாரு. படத்துல கூட வர்றவங்கள்ல நெறைய பேரு நெஜமாவே அங்க இருந்த நோயாளிங்க.

இப்ப ஒரு நெருடலான விஷயம். 1951-ல 'ஹை நூன்' எடுத்துட்டு இருக்கறப்ப, அத எழுதுன கார்ல் ஃபோர்மனை, சினிமாவுல யாரு கம்யூனிஸ்ட்னு தோண்டுன அமெரிக்க நாடாளுமன்றக் குழு விசாரணைக்குக் கூப்பிட்டாங்க. அவரு யாரையும் காட்டிக்கொடுக்கல. ஆனா கம்பெனில பங்காளியா இருந்த அவரைக் கிரேமர் கணக்கு முடிச்சு வெளிய அனுப்பிட்டாரு. என்ன காரணம் சொன்னாலும் எனக்கு இது ஜீரணமாகல.

அதே ஆளு 1958-ல என்ன பண்றாரு தெரியுமா? 'தி டிஃபயன்ட் ஒன்ஸ்', ஒரே சங்கிலில பூட்டுன வெள்ளைக் கைதியும் கறுப்புக் கைதியும் தப்பிச்சு ஓடுற கதை. எழுதுன ரெண்டு பேருல நெட்ரிக் யங் தடைப்பட்டியல்ல, அதாவது கம்யூனிஸ்ட்னு சொல்லி ஹாலிவுட் வேலை குடுக்காம ஒதுக்குனவங்க பட்டியல்ல இருந்தவரு, சொந்தப் பேரே போட முடியாது. டைட்டில் ஓடறப்ப கைதி லாரியோட முன் சீட்டுல ரெண்டு பேரு உக்காந்திருப்பாங்க, பாருங்க. அந்த ரெண்டு எழுத்தாளருங்கதான்! திரைக்கதைன்னு பேரு வர்றது அவங்க மூஞ்சிக்கு மேலயே. திரைக்கதைக்கு ஆஸ்காரும் கெடச்சுது, புனைபேருக்கு. யங்கோட சொந்தப் பேரை, ஆஸ்கார் குடுக்கற அகாடமி சேர்த்தது 1993-லதான். அதுக்குள்ள அவரு போய்ச் சேர்ந்துட்டாரு.

1967, 'கெஸ் ஹூஸ் கமிங் டு டின்னர்'. வெள்ளைக்காரப் பொண்ணு, கறுப்பின டாக்டர், கல்யாணம். பொண்ணோட அப்பாவா நடிச்ச ஸ்பென்சர் டிரேசிக்கு உடம்பு ரொம்ப முடியல, இன்ஷூரன்ஸ் தரமாட்டேன்னுட்டாங்க. கிரேமரும், அம்மாவா நடிச்ச கேத்தரின் ஹெப்பர்னும் அவங்க சம்பளத்தையே ஈடா வச்சாங்க. டிரேசி தன் பங்கை முடிச்சு, மூணு வாரம் ஆகறதுக்குள்ள ஜூன் 10-ல இறந்துட்டாரு. ரெண்டே நாள்ல, ஜூன் 12, இந்த மாதிரிக் கல்யாணத்துக்கு 16 மாநிலத்துல இருந்த தடைய அமெரிக்க சுப்ரீம் கோர்ட் தூக்கிருச்சு. படம் டிசம்பர்லதான் தியேட்டருக்கு வந்துச்சு.

படத்துல எனக்கு ஒரு குறை உண்டு. மாப்பிள்ளைக்கு ஒரு சின்னக் கெட்ட பழக்கம்கூடக் கெடையாதுங்க, உலகமே கொண்டாடுற டாக்டரு. இப்படி ஒருத்தர வேணாம்னு எந்த அப்பா சொல்லுவாரு?

கிரேமரோட இன்னொரு படம் 'ஜட்ஜ்மென்ட் அட் நியூரம்பர்க்' மட்டும் மூணு மணி நேரம் ஓடும். அதுக்குத் தனியா வீடியோ போடறேன், முன்னாடியே பாத்துட்டு வந்துருங்க.