கிராண்டு இல்லாத வீடு
(மலேசியா, சுங்கை சிப்புட், கோயில் மண்டபத்துல பேசுனது)

எல்லாருக்கும் வணக்கம். பின்னாடி நிக்கிற தம்பிங்க உள்ள வந்து உக்காருங்கப்பா, ஃபேன் இந்தப் பக்கம்தான் ஓடுது.

பால்மரம் வெட்டுனவரு மகனுக்கு வானத்தப் பத்தி என்னா பேச்சுன்னு கேக்காதீங்க. எங்கப்பா நெத்தியில லைட்ட கட்டிக்கிட்டு நெரைக்குள்ள போற அந்த விடியக்கால நேரத்துல, இப்ப மேல பாத்தா சில நாள் வெள்ளையா ஒரு புள்ளி கண்ணு சிமிட்டாம நகந்து போகும், ப்ளேன் இல்ல, அனைத்துலக விண்வெளி நிலையம், சுமாரா 400 கிலோமீட்டர் உயரம், இங்கேருந்து ஜொகூர் பாரு அதவிட தூரம் போங்க!

2007 அக்டோபர்ல நம்ம மலேசியாவோட மொத விண்வெளி வீரரு ஷேக் முஸாஃபார் அங்கதான் போனாரு, அது நோன்பு மாசம். 90 நிமிசத்துக்கு ஒருக்கா பூமியச் சுத்துற எடத்துல எந்தப் பக்கம் பாத்து தொழுறது? பெரியவங்க உக்காந்து வழி எழுதிக் குடுத்தாங்க, முடிஞ்சா காபா, இல்லன்னா அதுக்கு நேரா மேல, அதுவும் முடியலன்னா பூமியப் பாத்து. மேல போயிட்டா பூமியே ஒரு திசையாயிடுது பாருங்க, எனக்கு அது ரொம்ப பிடிச்சிருந்துச்சு.

1968 டிசம்பர் 24, அப்பல்லோ 8 விண்கலத்துல போனவங்க நிலாவ படம் எடுக்கத்தான் போனாங்க. நாலாவது சுத்துல நிலா ஓரத்துல பூமி எழும்புது, பில் ஆண்டர்ஸ் கலர் ஃபிலிம் குடு குடுன்னு அவசரப்படுறாரு. அவரு எடுத்த படத்துல எவன் கிராண்டும், அதான் நெலப் பட்டா, தெரியாது.

கிராண்டு இல்லாம இருக்குறது நமக்குத் தெரியாததா? மூணு தலைமுறை தோட்டத்து லயத்து வீட்டுல இருந்தோம், தோட்டம் கைமாறுச்சு, கடுதாசி வந்துச்சு, கெளம்புன்னுட்டாங்க. அம்மா கறிவேப்பிலச் செடிய மண்ணோட பேத்து பால்டியில வெச்சு லோரியில ஏத்துனாங்க, வழியெல்லாம் அதப் புடிச்சிக்கிட்டே வந்தாங்க. நமக்காவது போறதுக்கு ஒரு தாமான், ஒரு குடியிருப்பு, இருந்துச்சு.

அந்த விண்வெளி நிலையத்துலேருந்து பாத்தா காத்து மண்டலம் ஓரத்துல மெல்லிசா ஒரு நீலக்கோடுதானாம், முட்டைக்கு உள்ள இருக்குற தோலு மாதிரி. 2015ல இந்தோனேசியாவுல, சுமத்ராவுலயும் கலிமந்தான்லயும் சதுப்புக் கரிமண்ணு எரிஞ்சப்ப அந்தப் புகை கடலத் தாண்டி வந்தது சேட்டலைட் படத்துல அப்படியே தெரிஞ்சுச்சு, இமிகிரேசன்ல சாப்பு, முத்திரை, அடிச்சிட்டா வந்துச்சு? இங்க ஸ்கூலுக்கு லீவு விட்டாங்க, பேத்தி ராத்திரி பூரா இருமுனா. அங்க எரியிறதுல செம்பனைத் தோட்டத்துக்காக எரியிறதும் இருக்குன்னு சொன்னா சில பேருக்கு கோவம் வரும், வரட்டும், நம்ம சோறும் அதுலதான் வந்துச்சு, மறைக்க என்னா இருக்கு.

அந்தப் புள்ளி எப்ப வரும்னு போன்ல ஆப்பு இருக்கு. வர்ற அன்னிக்கு சொல்றேன், பிள்ளைங்கள எழுப்பி பாடாங்கு தெடலுக்கு கூட்டிட்டு வாங்க, கோப்பி என் செலவு. சரி, தலைவரு அப்பவே புடிச்சு கடிகாரத்தப் பாக்குறாரு, மைக்க குடுத்துர்றேன்.